பிந்து டீச்சரின் அறுநூறு கிராம்

நாங்கள் ஏறப்போன மலையின் பெயரைச் சொல்லப் போவதில்லை. சொன்னால் அடுத்த மாதமே நாலு பேர் பிரியாணிப் பொட்டலத்தோடு போய், தின்றுவிட்டு, பொட்டலத்தை அங்கேயே வீசிவிட்டு வருவார்கள். கேரள எல்லைக்கு அந்தப் பக்கம், வனத்துறை வருடத்தில் ஆறே வாரம் அனுமதி கொடுக்கிற மலை என்று தெரிந்தால் போதும். வானம் தெளிந்திருந்தால் திருவட்டாறு பக்கத்திலிருந்தே அதன் உச்சி தெரியும். பிந்து டீச்சர் வேலை பார்க்கும் அங்கன்வாடியின் பின்புறத்தில் நின்றால் இன்னும் நன்றாகத் தெரியும்.

டீச்சருக்கு முப்பத்தொன்பது வயது. பதினான்கு வருடமாக அதே அங்கன்வாடி. காலையில் பிள்ளைகளுக்குச் சத்துமாவு உருண்டை, மதியம் சோறும் முட்டையும். மாதம் ஒருமுறை ஒவ்வொரு பிள்ளையையும் தராசில் தொங்கவிட்டு எடை பார்த்து அட்டையில் புள்ளி வைக்க வேண்டும். புள்ளி கீழே இறங்கினால் அந்தப் பிள்ளையின் வீட்டுக்குப் போய்த் தாயிடம் சண்டை பிடிக்க வேண்டும். சண்டை பிடிக்க வேண்டும் என்று விதி ஒன்றும் இல்லை, இவராகப் பிடிப்பார். எல்லாம் முடிந்து மூன்று மணிக்கு, உதவியாளர் வியாகுலம்மாளும் இவரும் பின்புறத்துக் குழாயடியில் பாத்திரம் கழுவும்போது எதிரே அந்த மலை நிற்கும். பதினான்கு வருடம் ஒரே மலையைப் பார்த்துக்கொண்டு பாத்திரம் கழுவினால் யாருக்கும் அதன் மேல் ஏறிப் பார்க்கத் தோன்றும். எனக்குத் தோன்றியிருக்குமா என்று தெரியவில்லை. நான் வீட்டில் பாத்திரம் கழுவுவதில்லை.

நான் தக்கலையில் ஒரு தனியார் பள்ளியில் கணக்கு வாத்தியார். ஐம்பத்திரண்டு வயது, அளவான தொப்பை. மாதத்தில் ஒரு ஞாயிறு மருந்துவாழ்மலை ஏறி இறங்கும் சின்னக் கூட்டம் எங்களுடையது. பூதப்பாண்டிக்காரரான சிவதாணு ஓய்வுபெற்ற போஸ்ட்மாஸ்டர், மீனும் முட்டையும் தொடாதவர். சஜ்னா தேங்காப்பட்டணத்தில் மருந்துக்கடை வைத்திருக்கிறாள். சுஜின் வங்கியில் வேலை பார்க்கிறான். எங்களில் இளையவன் அவன்தான். ஆனால் நடைக்கு வேண்டிய சாமான் எல்லாம் அவனிடம்தான் இருந்ததால் அவனையே தலைவனாக்கிவிட்டோம். ஐந்தாவது ஆள் பிந்து டீச்சர். என் மனைவிக்குத் தூரத்துச் சொந்தம். "உங்க கூட்டத்துல பொம்பளையளும் உண்டா?" என்று ஒரு கல்யாண வீட்டில் கேட்டார். உண்டு என்றேன். அடுத்த ஞாயிறு வந்து நின்றார்.

முந்தைய வருடம் இரண்டு நாள் நடை ஒன்று போனோம். சாப்பாட்டை அவரவர் கொண்டுவருவது என்று ஏற்பாடு. சிவதாணு சார் ஒரு தூக்குப் புளியோதரையும் அதற்குத் தேங்காய்த் துவையலும் கொண்டுவந்தார். சஜ்னாவின் உம்மா ஒரு டப்பா நிறைய மீன் பொரித்துக் கொடுத்தனுப்பியிருந்தார். நான் நாலு ரொட்டியும் கண்ணாடிப் பாட்டிலில் ஜாமும் சுமந்தேன். சுஜின் வெளிநாட்டுச் சத்துக்கட்டிகள் வாங்கி வைத்திருந்தான், மரத்தூளைச் சர்க்கரையில் பிசைந்த மாதிரி இருந்தன. இது போதாதென்று ஒவ்வொரு வீட்டிலும் புறப்படும் நேரத்தில் ஒரு பொதி கூடுதலாகத் திணித்தார்கள். பயணம் போகிறவன் கையில் எதையாவது கொடுத்தனுப்பாவிட்டால் நம் ஊரில் யாருக்கும் உறக்கம் வராது, வேண்டாம் என்றால் பகை. பிந்து டீச்சர் எங்கள் பைகளை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தார்.

"நடக்கப் போறதா, சீரு கொண்டு போறதா சாரே?" என்று கேட்டார்.

இரண்டாம் நாள் காலையில் தேங்காய்த் துவையல் புளித்துப்போனது. அதைத் தெரியாமல் தின்ற மூன்று பேருக்கு வயிறு அவிழ்ந்துகொண்டது. மூவரில் நானும் ஒருவன், விவரம் வேண்டாம். பாதி வழியில் திரும்பி வந்தோம். பேருந்தில் வரும்போது டீச்சர் சொன்னார்: "அடுத்த தடவ சாப்பாடு நான் பாத்துக்கிடுதேன். ஆரும் ஒரு மணி கடல கூட கொண்டு வரப்பிடாது."

அடுத்த தடவை என்பது அந்தப் பெரிய மலை. மூன்று வருடமாக விண்ணப்பித்து, இந்த வருடம்தான் ஐந்து பேருக்கும் சேர்த்து அனுமதி கிடைத்தது. நான்கு நாள் நடை. முதல் நாள் காட்டுக்குள் ஒரு கொட்டகை வரை, இரண்டாம் நாள் அடிவார முகாம், மூன்றாம் நாள் உச்சிக்குப் போய் முகாமுக்கே திரும்புவது, நான்காம் நாள் கீழே. வழியில் கடை கிடையாது. டீச்சருக்கு நான்கு நாள் விடுப்பு வாங்குவது அனுமதி வாங்குவதைவிடப் பெரிய பாடாக இருந்தது. அவர் இல்லாத நாளில் பக்கத்து ஊர் அங்கன்வாடிக்காரர் வந்து பார்க்க வேண்டும். "பிள்ளைய எல்லாரிட்டயும் சொல்லியாச்சு சாரே, அதுக்க உச்சியில ஏறிப் பாத்துட்டு வாறேன்னு" என்றார். இனி ஒருமுறை விடுப்பும் அனுமதியும் சேர்ந்து வாய்க்கும் என்ற நம்பிக்கை அவருக்கு இல்லை.

இரண்டு மாதம் சாப்பாட்டை யோசித்தார். அவர் யோசிக்கிற விதம் எனக்குப் பிடித்திருந்தது. முதலில் தண்ணீரைப் பிடித்துக்கொண்டார். சோற்றில் பாதிக்கு மேல் தண்ணீர், பழத்தில் முக்கால்வாசி தண்ணீர், தேங்காயிலும் பாதி தண்ணீர். "மலையில தண்ணி உண்டு. பெறவு எதுக்கு இங்கேருந்து சொமக்கணும்?" ஆகவே எல்லாவற்றையும் காய வைத்தார். சம்பா அரிசியைச் சோறாக வடித்து, மாடியில் துணி விரித்து இரண்டு நாள் வெயிலில் உலர்த்தினார். முதல் தடவை பாதியைக் காகம் தின்றது. இரண்டாம் தடவை கொசுவலைக்குள் காய்ந்தது. கையில் அள்ளினால் சிப்பி மாதிரி கலகலவென்று சத்தம். கொதிநீர் ஊற்றிப் பத்து நிமிடம் மூடி வைத்தால் மறுபடி சோறு. மரச்சீனிக் கிழங்கை அவித்து வாட்டினார். ஏத்தன் வாழைப்பழத்தைக் கீறிக் காய வைத்தார்.

அடுத்தது, வயிறு நிறைவது வேறு, பசி தாங்குவது வேறு என்பது. அதற்குச் சோதனைக்கு ஆள் வேண்டும். புருஷன் வினோஜ் ரப்பர் பால் வெட்டுகிறவர், சரிவான தோட்டத்தில் தினம் நானூறு மரத்துக்கு ஏறி இறங்கி நடப்பவர். இதைவிட நல்ல ஆள் எங்கே கிடைக்கும்? காலை ஆறு மணிக்கு எடை போட்ட ஒரு சாப்பாட்டைக் கொடுத்து அனுப்புவார். பசி எடுத்த நிமிடத்தில் வினோஜ் போன் செய்து சொல்ல வேண்டும். நோட்டில் எழுதி வைத்திருந்ததை எனக்குக் காட்டினார். புட்டும் பழமும்: ஒன்பது பத்து. அவலும் கருப்பட்டியும்: பத்தேகால். அதே அவலோடு நிலக்கடலையும் நெய்யும் சேர்த்தால்: பதினொன்று நாற்பது.

வினோஜ் ஒருநாள் என்னிடம் ஆவலாதி சொன்னார். "மத்தவனுக்கெல்லாம் கெட்டியோளு சோறு போடுதா சாரே. எனக்கு பரீட்ச வைக்குதா."

சஜ்னாவும் தன் பங்குக்குச் சொன்னாள். நோன்பு காலத்தில் விடியுமுன் சஹருக்கு வெறும் சோறு தின்றால் பத்து மணிக்கே தலை கிறங்கும், கோதுமையும் நெய்யும் பேரீத்தம்பழமும் என்றால் பொழுது சாயும் வரை தாங்கும் என்று. அதையும் டீச்சர் எழுதிக்கொண்டார். மீன் தின்கிறவர்களுக்காக சஜ்னா சூரை மாசி கொண்டுவந்து தந்தாள். மரக்கட்டை மாதிரி காய்ந்த மீன். இடித்துத் தூளாக்கினால் ஒரு கரண்டி போதும், ஒரு குழம்புக்கு வேண்டிய சத்து அதில் இருக்கிறது.

சிவதாணு சாருக்குத்தான் மனம் ஆறவில்லை. அவருக்குத் தேங்காய் இல்லாத எதுவும் சாப்பாடு இல்லை, பத்தியம். "ஒரு அர மூடி தேங்காய் என்ன கனம் இருக்கும் பிள்ளே? நானே சொமக்கேன்" என்று கெஞ்சினார். டீச்சர் போன வருடத்துத் துவையலை நினைவுபடுத்தினார். பிறகு மனமிரங்கி, தேங்காய்த் துருவலை மிளகாய் வற்றலோடு கருகும் பக்குவம் வரை வறுத்து, உரலில் இடித்துச் சம்மந்திப் பொடியாக்கிக் கொடுத்தார். ஒரு மாதமானாலும் கெடாது. சிவதாணு சார் விரலில் தொட்டு நக்கிப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார்.

நடக்கும்போது தின்ன முந்திரிக்கொத்து. பெயர்தான் முந்திரி, உள்ளே வறுத்த சிறுபயறும் வெல்லமும் எள்ளும். நம் வீடுகளில் கல்யாணத்துக்கும் தீபாவளிக்கும் செய்கிற பலகாரம், இரண்டு வாரம் கெடாது. சுஜினின் வெளிநாட்டுக் கட்டியையும் இதையும் பக்கத்தில் வைத்து டீச்சர் கணக்குச் சொன்னார். கனமும் ஒன்றுதான், சத்தும் ஒன்றுதான். "இது தின்னா வாய்க்கும் கொள்ளாம்" என்றார். அத்துடன் சத்துமாவு உருண்டை. அதை அவர் கண்ணை மூடிக்கொண்டு உருட்டுவார்.

புறப்படுவதற்கு முந்தைய சனிக்கிழமை, பிள்ளைகள் போன பிறகு, எங்களை அங்கன்வாடிக்கு வரச் சொன்னார். உத்தரத்தில் பிள்ளைகளை எடை பார்க்கும் தராசு தொங்கியது. சாப்பாட்டுப் பைகளை அதில் ஒவ்வொன்றாகத் தொங்கவிட்டார். மேசையில் அவருடைய திட்டம் இருந்தது. மாதாமாதம் உணவுப்பொருள் கேட்டு எழுதும் படிவத்தின் அதே மாதிரியில் கட்டம் போட்டிருந்தார். பொருள், ஒரு பயனாளிக்கு எத்தனை கிராம், பயனாளிகள், நாட்கள், மொத்தம். ஆளுக்கு ஒரு நாளைக்கு அறுநூறு கிராம். நான்கு நாளைக்கு மொத்தம் ஒன்பது கிலோ அறுநூறு. அதை ஐந்து பையில் பிரித்தால் பைக்கு ஒரு கிலோ தொள்ளாயிரத்து இருபது. கூட வரும் வனத்துறை வழிகாட்டி தன் அரிசியைத் தானே கொண்டுவருவார்.

"கணக்கு சாரு ஒண்ணு பாத்து சொல்லணும்" என்று தாளை என்னிடம் நீட்டினார்.

பேனாவை எடுத்துப் பெருக்கிப் பார்த்தேன், சரி. வகுத்துப் பார்த்தேன், சரி. பள்ளிக்கூடத்துப் பழக்கத்தில் ஓரத்தில் ஒரு டிக்கும் போட்டேன். "நூற்றுக்கு நூறு டீச்சர்" என்றேன். அவர் முகம் மலர்ந்தது. போன வருடம் பதினெட்டு கிலோ சுமந்த முதுகு எனக்கு, சாப்பாட்டுச் சுமை இரண்டு கிலோகூட இல்லை என்றதும் அவரைக் கும்பிடத் தோன்றியது.

முதல் நாள் நடை சுகமாகப் போனது. வழிகாட்டி சுடலையாண்டி ஐம்பது வயதுக்காரர், அளந்து பேசுகிற மனிதர். மதியம் ஒரு ஓடைக்கரையில் டீச்சர் பொட்டலங்களைக் கொடுத்தார். ஒவ்வொன்றிலும் பெயரும் நாளும் எழுதியிருந்தது. பிரித்துத் தின்றோம், வயிறு கனக்கவும் இல்லை, மாலை வரை பசி எட்டிப்பார்க்கவும் இல்லை. இரவு சம்பாச் சோறு, மாசிக் குழம்பு, சிவதாணு சாருக்குப் பருப்பும் சம்மந்திப் பொடியும். டீச்சர் அடுப்படியிலேயே இருந்து பரிமாறினார். "நீங்களும் இருங்க டீச்சர்" என்று யாரோ சொன்னோம். "பரிமாறுதவ பெறவுதான்" என்றார். நாங்கள் கைகழுவப் போனோம்.

இரண்டாம் நாளும் அப்படித்தான். மதியம் அவர் எங்கே தின்றார், தின்றாரா என்று நான் பார்க்கவில்லை. சாயங்காலம் அவர் நடை கொஞ்சம் தளர்ந்திருந்தது. ஏற்றம் கடுமை, எனக்கும்தான் தளர்ந்திருந்தது. முகாமில் சுடலையாண்டி ஒரு விஷயத்தைக் கண்டிப்பாகச் சொன்னார். "நாளைக்கு பதினோரு மணிக்கு ஆரு எங்க நிக்குதோ, அங்கேருந்து திரும்பிரணும். அதுக்கு மேல மஞ்சு எறங்கும், முன்னால போறவன் தெரியாது. பாறையில கயிறு பிடிச்சு ஏறுத இடம் உண்டு, மஞ்சுல அது ஆகாது." டீச்சர் உச்சியையே பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்திலிருந்து பார்க்கும்போது அது அங்கன்வாடிக் கொல்லையில் தெரிவது போல நீலமாக இல்லை, கறுத்த பாறையாக இருந்தது.

மூன்றாம் நாள் காலை ஆறு மணிக்குக் கிளம்பினோம். எட்டரை மணி அளவில் புல்வெளி ஏற்றத்தில் டீச்சரும் நானும் பின்தங்கியிருந்தோம். நான் பின்தங்குவது வழக்கம், அவர் பின்தங்கியதில்லை. ஒரு பாறையைப் பிடித்துக்கொண்டு நின்றார். "சாரே, கண்ணு இருட்டுது" என்றார். சொன்னவர் அப்படியே சரிந்து உட்கார்ந்தார். முகத்தில் வியர்வை, கை சில்லென்று இருந்தது. நான் கத்திக் கூப்பிட்டதில் முன்னால் போனவர்கள் இறங்கி ஓடிவந்தார்கள்.

சஜ்னா நாடி பார்த்தாள். "அக்கா, காலைல என்ன தின்னிய?"

"தின்னேன்."

"எவ்வளவு?"

டீச்சர் தண்ணீர் பாட்டிலுக்குக் கை நீட்டினார்.

"ஏதாவது இனிப்பு எடுங்க சாரே, சீக்கிரம்" என்றாள் சஜ்னா. நான் டீச்சரின் பையைத் திறந்தேன். அன்றைய மதியப் பொட்டலங்கள் மேலேயே இருந்தன. டீச்சர் பெயர் எழுதியதைத் தேடினேன். சிவதாணு சாரு. சஜ்னா. சுஜின். கணக்கு சாரு. பையைக் கவிழ்த்துக் கொட்டினேன். ஐந்தாவது இல்லை. நான்காம் நாள் பொட்டலங்களும் நாலுதான்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அறுநூறு கிராம், நான்கு நாள், ஒன்பது கிலோ அறுநூறு. அது நாலு பேருக்கு உள்ள சாப்பாடு. ஐந்து பேருக்கு என்றால் பன்னிரண்டு கிலோ வந்திருக்க வேண்டும். அந்தத் தாளில் பயனாளிகள் என்ற கட்டத்தில் 4 என்று எழுதியிருந்தது, என் கண்ணால் பார்த்தேன். பெருக்கும்போது நாலால் பெருக்கினேன், சுமையை வகுக்கும்போது ஐந்தால் வகுத்தேன். தின்ன நாலு பேர், சுமக்க ஐந்து பேர். முப்பது வருடமாகக் கணக்கு நடத்துகிறவன், இரண்டையும் சரி என்று சொல்லி டிக் போட்டவன். யாரிடமும் நான் இதைச் சொல்லவில்லை. வெட்கமாக இருந்தது.

சஜ்னா கருப்பட்டியை உப்போடு தண்ணீரில் கரைத்துக் கொடுத்தாள். பிறகு கைக்குக் கிடைத்த பொட்டலத்தைப் பிரித்து முந்திரிக்கொத்தை வாயருகே கொண்டுபோனாள்.

"அது சுஜினுக்குள்ளது" என்றார் டீச்சர்.

சஜ்னாவுக்கு வந்த கோபத்தை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. "வாயத் தொற அக்கா, மிண்டாம தின்னு" என்றாள். சுஜின் தலையைக் குனிந்துகொண்டான்.

கொஞ்சம் தெளிந்த பிறகு டீச்சர் சொன்னார். முதல் நாள் மதியம் ஓடைக்கரையில் பொட்டலங்களைக் கொடுத்து முடித்தபோதுதான் தெரிந்ததாம், அன்றைய பொட்டலம் நாலும் தீர்ந்துவிட்டது, அவருக்கு என்று ஒன்று இல்லை. பதினான்கு வருடம் எழுதிய படிவம், அதில் டீச்சரும் வியாகுலம்மாளும் பயனாளிகள் கிடையாது. பிள்ளைகளை எண்ணி எழுதுவது போலவே எங்களை எண்ணி எழுதிவிட்டார். "அப்பவே சொல்லக்கூடாதா பிள்ளே?" என்று சிவதாணு சார் கேட்டார்.

"சொன்னா வெக்கக்கேடில்லியா சாரே. ஒரு மணி கடல கொண்டு வரப்பிடாதுன்னு உங்க எல்லாரையும் வெரட்டினது நானு. நாலு நாளுதானே, சமாளிச்சிரலாம்னு நெனச்சேன். சட்டியில ஒட்டினது உண்டு, சுக்குக் காப்பி உண்டு."

சட்டியில் ஒட்டியது. முதல் இரவு நான் இரண்டாம் தடவை சோறு வாங்கித் தின்றேன், நன்றாக நினைவிருக்கிறது. அவர் தந்தார்.

சுடலையாண்டி மணியைப் பார்த்தார். ஒன்பது ஆகப் போகிறது. டீச்சர் ஒரு மணி நேரமாவது உட்காராமல் எழுந்திருக்கக்கூடாது என்றாள் சஜ்னா. எல்லோரும் காத்திருந்தால் யாரும் உச்சியைத் தொட முடியாது. "நீங்க போங்க. எனக்கு வேண்டி ஆரும் நிக்காண்டாம்" என்று டீச்சர் விரட்டினார். சுஜின் தயங்கினான், சிவதாணு சார் நிற்கிறேன் என்றார். நான் முந்திக்கொண்டேன். நான் இருக்கிறேன், எனக்கு மூட்டு வலி என்றேன். மூட்டு வலி ஒன்றும் இல்லை. சுடலையாண்டி வழியைக் காட்டினார், கல்லில் வெள்ளைப் பெயின்ட் அடையாளம் இருக்கிறது, கால் நிதானப்பட்டால் அதைப் பிடித்துப் பைய ஏறி வரலாம், அடையாளத்தை விட்டு விலகக்கூடாது. பிறகு மூன்று பேரையும் கூட்டிக்கொண்டு போனார்.

என் பொட்டலத்தை டீச்சர் மடியில் வைத்தேன். சத்துமாவு உருண்டை மூன்று, முந்திரிக்கொத்து இரண்டு, ஏத்தன் வற்றல் ஒரு கைப்பிடி, கடலை. அதைத் தின்னவும் அவர் என்னைப் பார்த்துத் தயங்கினார். காலைச் சாப்பாடே எனக்கு இன்னும் வயிற்றில் இருக்கிறது என்று சொல்லி நான் கீழே பள்ளத்தாக்கைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்தேன். முதுகுக்குப் பின்னால் மெல்லும் சத்தம் நெடுநேரம் கேட்டது.

"இவ்வளவா சாரே ஒரு ஆளுக்கு?" என்றார்.

"நீங்க அளந்ததுதானே டீச்சர்."

"அளந்தேன். தின்னு பாக்கல்ல."

பத்து மணிக்குச் சற்று முன் எழுந்தார். கால் நிதானமாக இருந்தது. அதற்குப் பிறகு அவர் ஏறியதை என்னவென்று சொல்ல? அவர் திட்டம் போட்ட சாப்பாடு அவர் உடம்பில் அன்றுதான் முதன்முதலாக முழுசாக வேலை செய்தது. நான் மூச்சிரைத்துக்கொண்டு பின்னால் ஓட வேண்டியிருந்தது. ஒவ்வொரு அடையாளக் கல்லிலும் நின்று எனக்காகக் காத்தார், நான் பக்கத்தில் வந்ததும் பேசாமல் நடந்தார். புல்வெளி முடிந்து பாறை தொடங்கியது. "மணி என்ன சாரே?" என்று நாலு தடவை கேட்டார். பத்தரை. பத்தே முக்கால். "என்னை விட்டுட்டுப் போங்க டீச்சர்" என்று ஒரு தடவை சொன்னேன். அவர் காதில் வாங்கவில்லை. அந்த நேரத்தில் நான் மனதார வேண்டிக்கொண்டேன், இந்த ஒரு மனுஷி மேலே போய்ச் சேரட்டும் என்று. இத்தனைக்கும் எனக்குச் சாமி நம்பிக்கை அவ்வளவாக இல்லை.

கயிறு கட்டிய பாறைக்கு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மேலிருந்து சுடலையாண்டியும் மற்ற மூவரும் இறங்கிக்கொண்டிருந்தார்கள். பாறைக்கு மேலே ஒரு சின்ன மலைமுதுகு, அதற்கு மேலே உச்சி. அங்கே நட்டிருந்த கம்பு கண்ணுக்குத் தெரிந்தது.

"எத்தற நேரம் ஆவும் அண்ணே?" என்று டீச்சர் கேட்டார்.

"பத்து நிமிசம். ஆனா பதினொண்ணு ஆயாச்சு மக்களே." சுடலையாண்டி கையால் மேற்கே காட்டினார். அடுத்த மலை ஏற்கனவே மஞ்சுக்குள் போயிருந்தது.

"பத்து நிமிசம்தானே."

"ஏற பத்து நிமிசம். எறங்க?"

"நான் கூட்டிட்டுப் போறேன் அண்ணே, நான் பொறுப்பு" என்றான் சுஜின். சுடலையாண்டி அவனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. டீச்சரைத்தான் பார்த்தார். "எனக்கு உங்கள ஏத்தி விடணும்னு ஆசை இல்லாம இல்ல. இந்த கயித்துல மஞ்சுக்குள்ள ஒருத்தர எறக்கி எனக்கு அனுபவம் உண்டு. அது போதும்" என்றார்.

டீச்சர் கயிற்றைப் பிடித்த கையை எடுக்கவில்லை. ஒரு நிமிடம் இருக்கும். பிறகு கையை எடுத்தார். சிவதாணு சார் ஆறுதல் என்று நினைத்துக்கொண்டு போனை நீட்டினார், மேலிருந்து எடுத்த படம் இருக்கிறது, பார் பிள்ளே, கடல் வரை தெரிகிறது என்றார். "வேண்டாம் சாரே" என்று டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

இறங்கும்போது நாங்கள் இருவரும் கடைசியில் வந்தோம். மஞ்சு சுடலையாண்டி சொன்னபடியே வந்தது. முன்னால் போகிறவர்களின் குரல் மட்டும் கேட்டது. டீச்சர் அழுகிறாரோ என்று பார்த்தேன். அழவில்லை. கோபத்தில் இருந்தார். யார் மேல் என்று அப்போது தெரியவில்லை. காலையில் உட்கார்ந்த அதே பாறையைத் தாண்டும்போது நின்றார்.

"சாரே, ஒண்ணு கேக்கட்டா?"

"கேளுங்க."

"அண்ணைக்கு அந்தத் தாள வாங்கி கணக்கு பாத்தியளே. அப்பம் என்னைய எண்ணினியளா?"

ஏதாவது சமாதானம் சொல்லலாம். அவசரத்தில் பார்த்தேன், கவனிக்கவில்லை என்று சொல்லலாம். மஞ்சுக்குள் அவர் முகம் சரியாகத் தெரியவில்லை, அதனால் சொல்வது சுலபமாகக்கூட இருந்திருக்கும். காலையிலிருந்து சொல்லாமல் வைத்திருந்ததைத்தான் சொன்னேன்.

"இல்ல டீச்சர். சுமக்கத்தான் எண்ணினேன்."



"நானும் அப்படித்தான் சாரே எண்ணியிருக்கேன்" என்றார். பிறகு பை வாரை இழுத்துவிட்டுக்கொண்டு இறங்கத் தொடங்கினார்.